பாகற்காயின் காவலன்



பாகற்காயை நறுக்கும்போது உள்ளே வெண்புழு நெளிவதைக் காணாத அடுக்களை நம் நாட்டில் இராது. வடாலாவில் குடியிருக்கும் நமக்கும் அது புதிய காட்சியன்று. ஞாயிற்றுக்கிழமை காலையில் மாதுங்கா சந்தைக்குச் சென்று பாகல், புடல், பீர்க்கு, வாழைப்பூ, கறிவேப்பிலை என்று ஊர்க் காய்களைப் பையில் நிரப்பிக்கொண்டு திரும்புவது மும்பையின் இப்பகுதியில் வாழும் தமிழ்க் குடும்பங்களின் நெடுநாளைய வழக்கம். அங்கே நமக்கு வாடிக்கையாகக் காய் தரும் திருநெல்வேலி அண்ணாச்சியிடம் ஒரு நாள் புழுவைப் பற்றி முறையிட்டோம். அவர் சிரித்தார். "புழு இல்லாத பாவக்காய்னா நல்லா மருந்தடிச்ச காய்தான் சார் கிடைக்கும். எது வேணும்னு நீங்களே சொல்லுங்க" என்றார். அந்தக் கேள்விக்கு நம்மிடம் அன்று விடை இல்லை.

சென்ற மழைக்காலத்தில் நம் குடியிருப்பின் பின்வேலியில் ஒரு பாகற்கொடி தானே முளைத்துப் படர்ந்தது. விரல் நீளமே உள்ள சிறு காய்கள். அவற்றிலும் புழு. எட்டாம் வகுப்பில் படிக்கும் நம் மகள் அவற்றை எறிய விடவில்லை. இரண்டு கண்ணாடிச் சீசாக்களில் மணலைப் பரப்பி, ஒன்றில் சந்தைக் காயையும் மற்றொன்றில் வேலிக் காயையும் இட்டு, வாயை மெல்லிய துணியால் கட்டி வைத்தாள். புழுக்கள் காயை விட்டுத் துள்ளி விழுந்து மணலுக்குள் மறைந்தன. இரண்டு வாரம் கடந்தது. சந்தைக் காயின் சீசாவில் ஈக்கள் பறந்தன. வேலிக் காயின் சீசாவில் ஈக்களோடு, எறும்பைவிடச் சற்றே பெரிய, செம்மஞ்சள் நிறமான மூன்று குளவிகளும் இருந்தன. "அப்பா, புழுதானே மண்ணுக்குள் போனது? குளவி எப்படி வந்தது?" என்று கேட்டாள் மகள்.

அந்தக் கேள்வி மிகப் பழைய கேள்வி. நம் முன்னோர் அதற்கு ஒரு விடை வைத்திருந்தனர். குளவி புழுவைக் கூட்டிலே வைத்துக் கொட்டிக் கொட்டித் தன்னைப் போலவே குளவியாக்கிவிடும் என்பது அவ்விடை. குருவின் அருளால் சீடன் குருவாகவே ஆவதற்கு இதனை உவமையாகச் சொல்லாத சமயப் பெரியோர் அரியர். சீன நாட்டிலும் இதே நம்பிக்கை இருந்தது. மகவு இல்லாத குளவி, பிறர் பிள்ளையாகிய புழுவைத் தத்தெடுத்து வளர்க்கிறது என்று அவர்கள் கருதினர். கி.பி. 456 முதல் 536 வரை வாழ்ந்த தாவோ ஹொங்ஜிங் என்னும் சீன மருத்துவ அறிஞர் குளவிக் கூட்டைத் தம் கண்ணால் ஆராய்ந்து, குளவி அங்கே முட்டையிடுகிறது, புழு அக்குஞ்சுக்கு உணவாகிறது, தத்தெடுத்தல் என்பது வெறுங்கதை என்று எழுதி வைத்தார். உவமை அழகியது, உண்மை வேறு.

நம் சீசாவில் நிகழ்ந்ததும் அவ்வாறானதே. பழ ஈ என்று நம் விவசாயிகள் சொல்லும் பூச்சி, பாகல், புடல், பூசணி, வெள்ளரி ஆகியவற்றின் பிஞ்சுத் தோலைத் தன் வால்முனை ஊசியால் துளைத்து உள்ளே முட்டையிடுகிறது. ஓரிரு நாளில் புழுக்கள் வெளிப்பட்டுச் சதையைத் தின்னுகின்றன; காய் அழுகத் தொடங்குகிறது. முற்றிய புழு காயிலிருந்து வெளியேறி மண்ணுக்குள் புகுந்து, கோதுமை மணி போன்ற ஓட்டுக்குள் கூட்டுப்புழுவாகிறது. அந்த ஓட்டை உடைத்துக்கொண்டு புதிய ஈ வருகிறது.

இந்தச் சக்கரத்தின் நடுவே நுழைகிறது குளவி. அழுகும் காயின் வாடையை மோந்து அது வந்து சேர்கிறது. தோலின் மேல் நடந்து, உள்ளே புழு அசைவதை உணர்ந்து, மயிர் போன்ற தன் முட்டைக் குழாயைச் சதைக்குள் செலுத்திப் புழுவின் உடலில் ஒரு முட்டையை வைக்கிறது. புழு சாவதில்லை, தின்று வளர்கிறது, வழக்கம் போல் மண்ணுக்குள் சென்று கூடு கட்டுகிறது. அதன் பிறகே குளவிக் குஞ்சு முழு வேகத்தோடு அதனைத் தின்று முடிக்கிறது. ஈ வர வேண்டிய ஓட்டிலிருந்து குளவி வருகிறது. அக்குளவி மனிதரைக் கொட்டுவதில்லை. பூந்தேனை உண்டு தன் நாட்களைக் கழிக்கிறது. சார்லஸ் டார்வின், உயிருள்ள புழுவின் உடலைத் தின்று வளரும் குளவியினத்தை அருள்மிக்க ஓர் இறைவன் திட்டமிட்டுப் படைத்திருப்பான் என்று தம்மால் நம்ப இயலவில்லை என 1860ஆம் ஆண்டில் அமெரிக்கத் தாவர நூலார் ஆசா கிரேக்கு எழுதினார். ஆனால் பாகல் பயிரிடும் உழவனின் பக்கத்திலிருந்து பார்த்தால் இக்கொடுமை ஒரு காவலாகவே தோன்றும். அக்காவலின் அருமையை உலகம் அறிந்தது, காவல் இல்லாத ஓர் இடத்திலேதான்.

பசிபிக் பெருங்கடலின் நடுவே உள்ளவை ஹவாய்த் தீவுகள். அங்கே முன்னாளில் பாகல், பூசணி இன ஈக்கள் இல்லை. ஆசியாவோடு கப்பல் போக்குவரத்து மிகுந்தபோது, காய்களோடு காய்களாக இந்த ஈயும் கரையேறியது. 1895ஆம் ஆண்டை ஒட்டி அது அங்கே கண்ணில் பட்டது. 1899இல் காக்கிலெட் என்னும் அமெரிக்கப் பூச்சி நூலார் ஹவாயிலிருந்து கிடைத்த ஈக்களைக் கொண்டு அதற்கு விஞ்ஞானப் பெயர் சூட்டினார். நம் கொல்லைகளில் எண்ணற்ற தலைமுறைகளாக இருந்து வரும் பூச்சி, உலக விஞ்ஞானத்தின் ஏட்டில் ஏறியது ஹவாய் முகவரியோடு! வெள்ளரியும் பூசணியும் முலாம்பழமும் செழித்த தீவுகளில், காய்களைப் பிஞ்சிலேயே தாளாலும் துணியாலும் மூடினாலன்றி அறுவடை இல்லை என்னும் நிலை வந்தது.

அதே ஈ நம் நாட்டிலும் இருக்கிறது, சேதமும் செய்கிறது. எனினும் நம் நாட்டில் அதற்குப் பகைவரும் உண்டு. ஹவாய்க்கு ஈ மட்டுமே சென்றது. அதன் பகைவர் இங்கேயே தங்கிவிட்டனர். ஒரு பூச்சி தாய்நாட்டை விட்டுச் சென்று பேருருக் கொள்வதன் இரகசியம் பெரும்பாலும் இதுவே. அப்படியானால் பகைவரைத் தேடிச் சென்று அழைத்து வரலாமே என்ற எண்ணம் எழுந்தது. மேற்கு ஆஸ்திரேலிய அரசாங்கம் ஜார்ஜ் கம்பியர் என்பவரை இந்தியா உள்படப் பல நாடுகளுக்கும் பழ ஈயின் பகைவரைத் தேட அனுப்பியது, இந்நூற்றாண்டுக்கு முந்திய நூற்றாண்டின் முதற் பத்தாண்டிலேயே. 1910இல் மத்தியதரைக்கடல் பழ ஈ என்னும் மற்றொரு பகையும் ஹவாயில் தோன்றியது. இத்தாலிய அறிஞர் பிலிப்போ சில்வெஸ்திரி ஆப்பிரிக்கக் கண்டத்தைச் சுற்றி அதற்கான குளவிகளைத் திரட்டித் தந்தார். பாகல் ஈக்கு மட்டும் தகுந்த துணை கிட்டவில்லை.

இந்நிலையில் ஹவாய் விவசாய, வன வாரியத்தின் பூச்சி நூலார் டேவிட் புல்லவே கீழ்த்திசைக்குப் புறப்பட்டார். அவர் தேடிய குளவி இந்தியாவில் கிடைத்தது. 1916ஆம் ஆண்டில் அது ஹவாய்க்குக் கொண்டு செல்லப்பட்டது. அந்நாளின் பிரயாணத்தை நேயர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும். உலகப் போர் நடந்துகொண்டிருந்த காலம். விமானத் தபால் இல்லை. வாரக்கணக்கான கப்பல் வழி. குளவியின் வாழ்நாளோ சில வாரமே. கரை சேரும் வரை உயிர்ச் சங்கிலி அறாமல் காப்பது எளிய செயலன்று. ஆயினும் குளவி ஹோனலூலுவை அடைந்தது, பெருகியது, விடப்பட்டது, நிலைத்தது.

அதே 1916இல் சில்வெஸ்திரி அக்குளவிக்குப் பெயரிட்டார். பெயரின் பிற்பாதி 'பிளெட்சரி' என்பது. அந்நாளில் பிகாரின் பூசாவில் இந்திய அரசாங்கத்தின் தலைமைப் பூச்சி நூலாராக விளங்கிய தாமஸ் பெயின்பிரிக் பிளெட்சரை அது குறிக்கிறது. பிளெட்சரின் வரலாறு நம்மைப் போன்ற அரசாங்க எழுத்துப் பணியாளருக்கு ஊக்கம் தரக்கூடியது. அவர் கல்லூரியில் பூச்சி நூல் கற்றுப் பட்டம் பெற்றவரல்லர். கடற்படையின் கணக்கு அதிகாரி. அந்துப்பூச்சிகளின் மேல் கொண்ட ஆர்வத்தால் அந்தத் துறைக்கே வந்து சேர்ந்தவர். சென்னை மாகாணத்தில் பணிபுரிந்து தென்னிந்தியப் பூச்சிகளைப் பற்றி அவர் எழுதிய பெருநூல் 1914இல் சென்னை அரசாங்க அச்சகத்தில் வெளிவந்தது. அவர் வழியிலே கோயமுத்தூரில் உழைத்த டி. வி. ராமகிருஷ்ண ஐயர், தென்னாட்டுப் பயிர்ப் பூச்சிகளைப் பற்றி 1940இல் வெளியிட்ட கையேடு நெடுங்காலம் மாணவர் கைகளில் திகழ்ந்தது.

நம் குளவியால் ஹவாயின் துயர் தீர்ந்ததா? இவ்விடத்தில் வரலாறு நமக்கு ஒரு நுட்பத்தைக் கற்பிக்கிறது. 1920இல் வில்லார்டு என்னும் ஆராய்ச்சியாளர் இக்குளவியின் பணியைப் பற்றி விரிவாக எழுதினார். புதர்களில் தானே படர்ந்த காட்டுப் பாகலில் குளவி பெரும் வேட்டையாடியது. தோட்டத்துப் பெருங்காய்களில் அதன் வேட்டை சிறுத்தது. காரணம் எளிது. காட்டுக் காய் சிறியது, தோல் மெல்லியது, புழு எங்கிருந்தாலும் குளவியின் குழாய்க்கு எட்டும். மனிதன் தேர்ந்து தேர்ந்து பெருக்க வைத்த பூசணியிலும் முலாம்பழத்திலும் புழு ஆழத்தில் ஒளிந்துகொள்கிறது. காய் பெருத்தது, ஊசி பெருக்கவில்லை. வேலிக் காயின் சீசாவில் குளவியும் சந்தைக் காயின் சீசாவில் ஈ மட்டுமே பிறந்ததன் பொருள் இதைப் படித்தபோதுதான் நமக்கு விளங்கியது. சந்தைக் காய்க்கு மருந்தும் தெளித்திருப்பார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் மூன்றாவது ஈயாகிய கீழ்த்திசைப் பழ ஈ ஹவாயில் பரவிற்று. மறுபடியும் ஆசியா முழுதும் தேடல் நடந்தது. இம்முறை மலாயாவிலிருந்து சென்ற ஒரு சிறு குளவி, புழுவையல்ல, ஈயின் முட்டையையே தேடி அதற்குள் தன் முட்டையை வைத்தது. முட்டை தோலின் அடியிலேயே இருப்பதால் ஆழம் என்ற தடை அதற்கு இல்லை. முதலில் அதனை வேறொரு குளவி என்றே எண்ணியிருந்தனர். பிறகு தனியினம் எனக் கண்டு 1951இல் அதற்குப் பெயர் சூட்டியவர், 35 ஆண்டுகளுக்கு முன் இந்தியக் குளவியைக் கொண்டு சென்ற அதே புல்லவே. அப்பெயருக்கு முன்பே வேறொருவர் இட்ட பெயர் இருந்தது பின்னர்த் தெரியவந்து, மூத்த பெயரே இன்று வழங்குகிறது.

அதே காலத்தில் டி.டி.டி. முதலிய மருந்துகள் வந்தன. தெளித்தால் ஈ மடிகிறது என்பது கண்கூடு. குளவியும் மடிகிறது என்பது கண்ணுக்குத் தெரியவில்லை. ஈ விரைந்து பெருகக் கூடியது, மறுபடியும் வந்துவிடுகிறது. குளவியோ ஈ பெருகிய பின்னரே பெருக முடியும். ஆதலின் ஒவ்வொரு தெளிப்பும் காவலனைப் பின்னுக்குத் தள்ளுகிறது. இதனை உணர்ந்த ஹவாய் விஞ்ஞானிகள் 2000ஆம் ஆண்டை ஒட்டித் தொடங்கிய புதிய திட்டத்தில் ஓர் எளிய உபாயத்தைக் கையாண்டனர். புழு விழுந்த காய்களைப் பொறுக்கிச் சிறு கூடாரத்துள் இடுவது; கூடாரத்தின் சாளரத்தில் நுண்ணிய வலை. ஈ பெரிது, வலையைக் கடக்காது, உள்ளேயே மடியும். குளவி சிறிது, வலைக்கண் வழியே பறந்து தோட்டத்திற்குத் திரும்பும். நம் மகளின் சீசாவும் அக்கூடாரமும் தத்துவத்தில் ஒன்றே. துணிக்குப் பதிலாகத் தக்க வலையைக் கட்டியிருந்தால் அம்மூன்று குளவிகளும் தாமே வேலிக்குச் சென்றிருக்கும்.

இவை தொலைதூரத்துச் செய்திகள் என்று நேயர்கள் நினைக்கலாகாது. வடாலாவுக்கு அடுத்த சிவ்ரியில், ஹாஜி பந்தர் சாலையில், மத்திய அரசாங்கத்தின் தாவரத் தொற்றுத்தடை நிலையம் இருக்கிறது. வரும் பொருளிலும் செல்லும் பொருளிலும் பூச்சி உண்டா என்று பார்ப்பது அதன் கடமை. 2013இல் இந்தியாவிலிருந்து ஐரோப்பா சென்ற பழம், காய்கறிச் சரக்குகளில் 207 சரக்குகள் பூச்சிகளால் குறையுற்றவை எனக் கண்டு, 2014 மே முதல் நாளிலிருந்து மாம்பழம், கத்திரி, பாகல், புடல், சேம்பு ஆகியவற்றை ஐரோப்பிய ஒன்றியம் தடை செய்தது. பழ ஈயும் அப்பூச்சிகளுள் ஒன்று. கொங்கணக் கடற்கரையின் அல்போன்சோ மாம்பழம் அந்தக் கோடையில் ஐரோப்பாவுக்குச் செல்ல இயலவில்லை. 2015இன் தொடக்கத்தில் மாம்பழத் தடை நீங்கிற்று. காய்களுக்கு வழி திறக்க மேலும் காலம் பிடித்தது. அரிசி மணி அளவுள்ள புழு எத்தனை குடும்பங்களின் ஓராண்டு வருவாயைத் தொட்டது!

இனி நம் சொந்தக் குற்றம் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். மொழிபெயர்ப்பு நமக்குத் தொழில். சில ஆண்டுகளுக்கு முன், பயிர்ப் பாதுகாப்பைப் பற்றிய ஒரு துண்டறிக்கையைத் தமிழாக்கும் பணி நம்மிடம் வந்தது. ஓம்பியை விரைவில் கொல்லாமல் அண்டிப் பிழைக்கும் பேன், உண்ணி போன்றவற்றுக்கு ஒரு சொல்லும், ஓம்பியைக் கொன்றே தீரும் இத்தகைய குளவிகளுக்கு வேறு சொல்லும் ஆங்கிலத்தில் உண்டு. பின்னதை 1913இல் ஆக்கியவர் பின்லாந்து நாட்டு அறிஞர் ராய்ட்டர். நாமோ அகராதியைப் புரட்டி, இரண்டுக்கும் 'ஒட்டுண்ணி' என்றே எழுதி அனுப்பினோம். 'வயலில் உள்ள ஒட்டுண்ணிகளைப் பாதுகாக்க வேண்டும்' என்பது அறிக்கையின் ஒரு வரி.

அடுத்த விடுமுறையில் பொள்ளாச்சிப் பக்கத்தில் உள்ள நம் அத்தானின் தோட்டத்திற்குச் சென்றோம். அவர் புடலை பயிரிடுபவர். அறிக்கையின் பிரதி அவர் வீட்டு உத்தரத்தில் செருகியிருந்தது. "மாப்பிள்ளை, இதை எழுதினவன் மாட்டைப் பார்த்திருக்க மாட்டான். உண்ணியையா பாதுகாப்பாங்க? அச்சுப் பிழைன்னு நினைச்சு இன்னும் ஒரு டேங்க் சேர்த்து அடிச்சேன்" என்றார். எழுதினவன் தம் எதிரில் அமர்ந்து மோர் குடிப்பவன்தான் என்பது அவருக்குத் தெரியாது. சொல்லவும் நமக்கு அன்று துணிவு வரவில்லை.

அவர்மீது என்ன பிழை? ஒட்டுண்ணி என்றால் நம் மக்கள் மனத்தில் தோன்றுவது இரத்தம் உறிஞ்சும் பிராணி. உழைக்காமல் பிறரை அண்டி வாழும் மனிதன். அப்பெயரைத் தாங்கி வரும் நண்பனை யார் வரவேற்பார்? பிரக்கோனிடே என்னும் குடும்பத்தில் மட்டும் ஏறத்தாழ 20,000 குளவி இனங்களுக்கு விஞ்ஞானப் பெயர் இருக்கிறது. இவ்வகைக் குளவிகளை ஆராய 1957இல் பெங்களூரில் காமன்வெல்த் நிறுவனத்தின் நிலையம் ஏற்பட்டது. இன்று அந்நகரிலேயே வேளாண் பூச்சி வளங்களுக்கான தேசியப் பணியகம் இயங்குகிறது. அறிவு இருக்கிறது. உழவன் வாயில் நுழையும் சொல்தான் இல்லை. சொல் இல்லாத பொருளைக் காப்பாற்றச் சொன்னால் யாருக்கும் விளங்காது.

ஆகவே நாம் நம்மளவில் ஒரு தீர்மானம் செய்திருக்கிறோம். இனி நம் கையெழுத்துப் படிகளில் இவற்றைக் 'காவற்குளவி' என்று எழுதுவோம். புலவர்கள் இதனினும் சிறந்த சொல்லைத் தந்தால் மகிழ்ச்சியோடு மாற்றிக்கொள்வோம். அத்தானுக்கும் உண்மையைச் சொல்லி ஒரு கடிதம் எழுதினோம். புழு விழுந்த காயைத் தோட்டத்திலேயே அழுக விடாமல் அன்றன்றே பொறுக்குவது, ஆண் ஈயை ஈர்க்கும் வாசனைப் பொறி வைப்பது, காய் பொறுக்கிய இடத்தில் ஒரு வலைக் கூடாரம் அமைப்பது, மருந்தை இறுதி ஆயுதமாகவே வைத்துக்கொள்வது என்று நாம் படித்தறிந்தவற்றைச் சுருக்கமாகக் குறிப்பிட்டோம். "எழுதினவன் நீதானா!" என்று தொடங்கி அவரிடமிருந்து பதில் வந்தது. நெடுநேரம் சிரித்ததாகவும், ஒரு பாத்திக்கு மட்டும் மருந்தை நிறுத்திப் பார்ப்பதாகவும் எழுதியிருந்தார். ஒரு பாத்தி சிறிதுதான். ஆயினும் 1916இல் கடல் கடந்து சென்ற காவலனுக்கு, அவன் பிறந்த நாட்டிலேயே ஒரு பாத்தி இடம் கிடைத்தது.

அண்ணாச்சியின் கேள்விக்கும் இப்போது நம்மிடம் விடை உண்டு. புழு உள்ள காயா, மருந்தடித்த காயா என்பதல்ல, காவல் உள்ள காயா, இல்லாத காயா என்பதே கேள்வி. சென்ற ஞாயிறு அதை அவரிடம் சொன்னோம். "அப்ப அந்தக் குளவியையும் கிலோ கணக்குல வாங்கி வைக்கணுமா சார்?" என்றார் அவர். வேண்டாம், வாங்க வேண்டியதில்லை. அது இங்கேயே இருக்கிறது.